கெந்திங் யாருடையது? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கெந்திங் என்பது கோலாலம்பூருக்குப் பக்கத்து மலையில் கேசினோ விடுதி நடத்தும் மலேசியக் குழுமம். அதன் பங்கு வைத்திருப்பவர்கள், வாங்கலாமா என்று யோசிப்பவர்கள், பள்ளி விடுமுறைக்குப் பிள்ளைகளோடு மலைக்குப் போய்வந்தவர்கள் என்று பலரிடமிருந்தும் திரும்பத் திரும்ப ஒரே சந்தேகங்கள் வருகின்றன. எல்லாவற்றையும் ஒரே இடத்தில் எழுதி வைத்தால் அடுத்து கேட்பவரிடம் இதைக் காட்டிவிடலாம். கேள்விகள் கேட்டவர்கள் கேட்டபடியே இருக்கின்றன. பங்கு விழுக்காடுகள் அவ்வப்போது கொஞ்சம் நகரும் என்பதால் முழு எண்ணாகவே கொடுத்திருக்கிறேன். வாங்குங்கள், விற்றுவிடுங்கள் என்று இங்கே எதுவும் சொல்லவில்லை. யாரிடம் எது இருக்கிறது என்பதுதான் விஷயம்.

கெந்திங்கோட தவுக்கே யாரு? ஒரே பேரா சொல்லுங்க.

ஒரே பெயர்தான் வேண்டுமென்றால், லிம் குடும்பம். நிறுவனர் டான் ஸ்ரீ லிம் கோ தோங் 2007 அக்டோபரில் காலமானார். அதற்கு முன்பே, 2003 முடிவில், தலைவர் பொறுப்பை மகன் லிம் கோக் தாயிடம் ஒப்படைத்துவிட்டார். 2025 மார்ச்சில் தாய் நிறுவனத்தின் தலைமை நிர்வாகி பதவி குடும்பத்துக்கு வெளியே இருக்கும் டான் கோங் ஹானுக்குப் போனது. அதைப் பார்த்துவிட்டு "குடும்பம் விலகிவிட்டது" என்று சிலர் எழுதினார்கள். நிர்வாகி மாறுவது வேறு, உரிமை மாறுவது வேறு. உரிமை அப்படியேதான் இருக்கிறது.

ஆனால் அந்த ஒரு பெயரோடு நிறுத்திக்கொண்டால் மீதி எதுவும் புரியாது. மலேசியா, சிங்கப்பூர், இங்கிலாந்து, அமெரிக்கா என்று பல இடங்களில் இந்தக் குழுமத்துக்கு கேசினோ இருக்கிறது. எல்லாவற்றின் வாசலிலும் ஏறக்குறைய ஒரே பெயர்ப்பலகை. உள்ளே போய்ப் பார்த்தால் ஒவ்வொன்றிலும் உரிமையாளர் கலவை வேறு.

பெர்ஹாட், மலேசியா, சிங்கப்பூர்னு மூணு பங்கு இருக்கே, எல்லாம் ஒண்ணுதானே?

ஒன்றில்லை. மேலே இருப்பது கெந்திங் பெர்ஹாட், கோலாலம்பூர் பங்குச் சந்தையில் பட்டியலிடப்பட்ட தாய் நிறுவனம். அதன் கீழே தனித்தனியாகப் பட்டியலிடப்பட்ட மூன்று நிறுவனங்கள்: கெந்திங் மலேசியா, கெந்திங் சிங்கப்பூர், கெந்திங் பிளாண்டேஷன்ஸ். கெந்திங் மலை, இங்கிலாந்தில் இருக்கும் கேசினோக்கள், நியூயார்க், பஹாமாஸ் எல்லாம் கெந்திங் மலேசியாவின் கையில். செந்தோசா தீவின் ரிசோர்ட்ஸ் வோர்ல்ட் கெந்திங் சிங்கப்பூரிடம். செம்பனைத் தோட்டங்கள் பிளாண்டேஷன்ஸிடம். இது தவிர லாஸ் வேகாஸ் ரிசோர்ட், மின்சாரம், எண்ணெய் எரிவாயு வேலைகள் எல்லாம் எந்தச் சந்தையிலும் தனியாகப் பட்டியலிடப்படாமல் நேரடியாக கெந்திங் பெர்ஹாட்டின் கீழ்.

தாய் நிறுவனத்துக்கு கெந்திங் சிங்கப்பூரில் சுமார் 53 விழுக்காடு, பிளாண்டேஷன்ஸில் சுமார் 55. கெந்திங் மலேசியாவில் நீண்ட காலம் 49-ஐ ஒட்டி இருந்தது, 2025 கடைசியில் அது பெரிதாக மாறியது, அந்தக் கதை கீழே தனியாக வருகிறது.

அப்பா காலத்து ரிசோர்ட்ஸ் வோர்ல்ட் பெர்ஹாட் பங்கு வீட்டில் இருக்கிறது, அது என்ன ஆனது என்று கேட்பவர்களும் உண்டு. அதுதான் இன்றைய கெந்திங் மலேசியா. 2009-இல் குழுமம் முழுக்கப் பெயர் மாறியது. ஆசியாட்டிக் டெவலப்மென்ட் பிளாண்டேஷன்ஸ் ஆனது, கெந்திங் இண்டர்நேஷனல் கெந்திங் சிங்கப்பூர் ஆனது.

இது அரசாங்கத்தோட கேசினோன்னு சின்ன வயசுல இருந்து கேள்விப்படுறேன், உண்மையா?

இல்லை. ஆரம்பத்திலிருந்தே தனியார் முயற்சிதான். கேமரன் மலையில் நீர்மின் திட்டத்தில் குத்தகை வேலை பார்த்துக்கொண்டிருந்த லிம் கோ தோங்குக்கு, கோலாலம்பூருக்குப் பக்கத்திலேயே இப்படி ஒரு குளிர்மலை விடுதி இருந்தால் என்ன என்று 1964-இல் யோசனை வந்தது. 1965-இல் முகமட் நோவா ஒமாருடன் சேர்ந்து நிறுவனம் தொடங்கினார். நோவா ஒமார் நாடாளுமன்ற மக்களவையின் முன்னாள் சபாநாயகர், இரண்டு பிரதமர்களுக்கு மாமனார், ஆக அவர் சாதாரணக் கூட்டாளி இல்லை. பகாங்கில் சுமார் 12,000 ஏக்கர், சிலாங்கூரில் சுமார் 2,800 ஏக்கர் நிலம் கிடைத்தது. 1969-இல் பிரதமர் துங்கு அப்துல் ரஹ்மான் அடிக்கல் நாட்டினார், கேசினோ உரிமம் அந்தக் காலத்தில் கொடுக்கப்பட்டது. 1971-இல் முதல் ஓட்டல் திறந்தது, அதே ஆண்டு பங்குச் சந்தையிலும் நுழைந்தார்கள்.

அரசின் பிடி உரிமத்திலும் வரியிலும் இருக்கிறது. நாட்டில் சட்டப்படி நடக்கும் ஒரே கேசினோ இதுதான், முஸ்லிம்களுக்கு அனுமதி கிடையாது, உரிமத்தை நிதியமைச்சு மூன்று மாதத்துக்கு ஒருமுறை புதுப்பிக்கிறது. ஆண்டு உரிமக் கட்டணம் 120 மில்லியன் ரிங்கிட்டாக இருந்து 2019 பட்ஜெட்டில் 150 மில்லியன் ஆனது, வசூல் மீதான வரியும் அப்போது 35 விழுக்காடு வரை ஏறியது. பட்ஜெட் வந்த உடனே கெந்திங் மலேசியாவின் பங்கு சரிந்தது பலருக்கு ஞாபகம் இருக்கும். ஆக, பங்குதாரராக இல்லாமலேயே வசூலில் மூன்றில் ஒரு பங்கு அளவுக்கு அரசு எடுத்துக்கொள்கிறது.

லிம் குடும்பம்னு சொல்றீங்க, ஆனா பங்குதாரர் பட்டியல்ல கியன் ஹுவாட்னு ஏதோ கம்பெனி பேர்தானே இருக்கு?

ஆமாம், அதுதான் குடும்பத்தின் கை. கியன் ஹுவாட் என்பது லிம் கோ தோங் கட்டுமான வேலை பார்த்த காலத்துப் பெயர். இன்று கியன் ஹுவாட் ரியல்டி சென்டிரியான் பெர்ஹாட் என்ற தனியார் நிறுவனம் கெந்திங் பெர்ஹாட்டில் ஏறக்குறைய 40 விழுக்காடு வைத்திருக்கிறது. மீதி அறுபது பொதுமக்களிடமும் நிதி நிறுவனங்களிடமும் சிதறிக் கிடக்கிறது.

கியன் ஹுவாட்டுக்கு மேலே யார்? கியன் ஹுவாட் இண்டர்நேஷனல் என்ற இன்னொரு நிறுவனம். அதற்கும் மேலே பார்க்வியூ மேனேஜ்மென்ட் என்ற நிறுவனம், ஒரு குடும்ப அறக்கட்டளையின் பொறுப்பாளராக. தர்ம காரியத்துக்கான அறக்கட்டளை என்று நினைத்துவிட வேண்டாம். சொத்தை ஒரு பொறுப்பாளர் பெயரில் வைத்து, பலன் குறிப்பிட்ட குடும்பத்தினருக்குப் போகும்படி செய்யும் ஏற்பாடு. யாருக்கு எப்போது எவ்வளவு என்பதைப் பொறுப்பாளரே முடிவு செய்யலாம். லிம் கோக் தாய், அவர் மகன் லிம் கியோங் ஹுய் உள்ளிட்டோர் பலன் பெறுவோர் என்று ஆண்டறிக்கையிலேயே எழுதியிருக்கிறது, ஒளிவுமறைவு இல்லை.

எதற்கு இத்தனை அடுக்கு? தலைமுறை மாறும்போது பங்குகள் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள் என்று துண்டு துண்டாகப் பிரியாமல் ஒரே கட்டாக இருக்க வேண்டும் என்பதற்குத்தான். அந்த 40 விழுக்காடு ஒரே கட்டாக இருக்கும் வரைதான் குடும்பத்துக்கு ஆட்சி.

நாற்பது பர்சென்ட் வச்சுக்கிட்டு எப்படி முழுசா ஆட்டி வைக்க முடியும்? பாதிகூட இல்லையே!

பொதுக்கூட்டத்துக்கு எல்லாரும் வருவதில்லை. சிறு பங்குதாரர்களில் பெரும்பாலோர் ஓட்டுப் போடுவதே இல்லை. எதிரே இருக்கும் அறுபது விழுக்காடு ஆயிரக்கணக்கான கைகளில் சிதறி இருக்கும்போது, ஒரே கையில் இருக்கும் நாற்பது எளிதாக ஜெயிக்கும். இயக்குநர் நியமனத்தில் கடைசி வார்த்தை அதனிடம்தான்.

கெந்திங் மலேசியாவில் தாய் நிறுவனத்துக்கு 49 இருந்த காலத்திலும் இதே கதைதான். பாதிக்குக் குறைவாக இருந்தும் கணக்கியல் விதிப்படி அதைத் துணை நிறுவனமாகவே காட்டினார்கள், காரணம் நடைமுறையில் கட்டுப்பாடு அவர்களிடம் இருந்தது. இது மலேசியாவில் மட்டும் நடக்கும் தந்திரம் இல்லை, குடும்ப நிறுவனங்கள் உலகெங்கும் இப்படித்தான்.

அப்போ கெந்திங் மலை சம்பாதிக்கிற ஒரு ரிங்கிட்ல குடும்பத்துக்கு எவ்வளவு போகும்?

எல்லாரும் கேட்க வேண்டிய கேள்வி இது, கேட்பவர்கள் குறைவு. பெருக்கிப் பாருங்கள். குடும்பத்துக்கு கெந்திங் பெர்ஹாட்டில் 40. பெர்ஹாட்டுக்கு கெந்திங் மலேசியாவில் 49 இருந்தது. நூற்றுக்கு நாற்பதை நூற்றுக்கு நாற்பத்தொன்பதால் பெருக்கினால் சுமார் 20. அதாவது 2025 கடைசி வரை மலையில் கிடைத்த ஒரு ரிங்கிட் லாபத்தில் குடும்பத்தின் பங்கு 20 சென், மீதி 80 சென் வெளியாருடையது. செந்தோசாவிலும் கணக்கு இதே அளவுக்குத்தான் வரும், 21 சென்.

ஓட்டில் நூறு, லாபத்தில் இருபது. இந்த இரண்டுக்கும் நடுவே இருக்கும் இடைவெளியை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், கீழே வரும் பாதிக் கேள்விகளுக்கு விடை அங்கேதான் இருக்கிறது. கட்டுப்பாடு ஒருவரிடமும் பணம் பெரும்பாலும் இன்னொருவரிடமும் இருக்கும்போது, பணம் எந்தப் பெட்டியிலிருந்து எந்தப் பெட்டிக்குப் போகிறது என்பதைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டியது அந்த இன்னொருவரின் வேலை.

லாப ஈவு தவிர வேற வழியில பணம் மேல போகுமா?

போகும், சட்டப்படியே. லாப ஈவு என்பது நிறுவனம் லாபத்திலிருந்து பங்குதாரருக்குப் பிரித்துக் கொடுக்கும் பணம். அது ஒரு வழி, இன்னொரு வழி கட்டணம். கெந்திங் மலேசியா மலையில் நடத்தும் ரிசோர்ட்டை நிர்வகிக்க, தாய் நிறுவனத்துக்கு முழுக்கச் சொந்தமான ஒரு மேலாண்மை நிறுவனத்துக்கு ஆண்டுதோறும் கட்டணம் கட்டுகிறது. 1989-இல் கேசினோ தொழிலை ரிசோர்ட்ஸ் வோர்ல்ட் பெர்ஹாட்டுக்கு மாற்றித் தனியாகப் பட்டியலிட்டபோதே செய்த ஒப்பந்தம் அது. கட்டணம் வருமானத்தையும் செயல்பாட்டு லாபத்தையும் பொறுத்தது. "கெந்திங்", "ரிசோர்ட்ஸ் வோர்ல்ட்" என்ற பெயர்களைப் பயன்படுத்துவதற்கும் தனிக் கட்டணம் உண்டு.

லாப ஈவு என்றால் எல்லாப் பங்குதாரருக்கும் ஒரே விகிதத்தில் வரும். மேலாண்மைக் கட்டணம் மேலே இருப்பவருக்கு மட்டும். லாபம் குறைந்த ஆண்டில் லாப ஈவை வெட்டலாம், வருமானத்தைப் பொறுத்த கட்டணம் அந்த அளவுக்குக் குறையாது. தவறு என்று சொல்ல வரவில்லை, நிர்வாக வேலைக்குச் சம்பளம் வேண்டும்தான். ஆனால் கெந்திங் மலேசியா பங்கு வைத்திருப்பவர் ஆண்டறிக்கையில் அந்த எண்ணை ஒருமுறையாவது பார்த்திருக்க வேண்டும்.

கெந்திங் ஹாங்காங் கப்பல் கம்பெனி திவாலாச்சே, மலைக்கு ஏன் ஒண்ணும் ஆகல?

ஏனென்றால் அது கெந்திங் பெர்ஹாட்டின் பிள்ளை இல்லை. 1993-இல் ஸ்டார் குரூசஸ் என்ற பெயரில் தொடங்கியது, 2009 பெயர் மாற்றத்தில் கெந்திங் ஹாங்காங் ஆனது. 2022 ஜனவரியில் அது கவிழ்ந்தபோது, அதன் பங்கில் நான்கில் மூன்று பங்கு லிம் கோக் தாய் தரப்பிடம் நேரடியாக இருந்தது, மேலே சொன்ன பெர்ஹாட் வழியாக இல்லை. கொரோனாவில் கப்பல்கள் நின்றன, ஜெர்மனியில் இருந்த கப்பல் கட்டும் தளம் நொடித்தது, தற்காலிகக் கலைப்பாளர்கள் நியமிக்கப்பட்டார்கள், லிம் கோக் தாய் அதன் தலைவர் பதவியிலிருந்து விலகினார். நட்டம் பெரும்பாலும் குடும்பத்துக்கும் கடன் கொடுத்தவர்களுக்கும்.

கெந்திங் மலேசியாவிடம் ஒரு காலத்தில் அந்தக் கப்பல் நிறுவனத்தில் சுமார் 17 விழுக்காடு இருந்தது. 2016-இல் அதைக் குடும்பத்தின் இன்னொரு அறக்கட்டளைக்கு 415 மில்லியன் அமெரிக்க டாலருக்கு விற்றுவிட்டது. குடும்பத்தோடு செய்த பேரத்தில் சிறு பங்குதாரர் தப்பிப் பிழைத்த கதை இது, நியாயமாக அதையும் சொல்ல வேண்டும்.

மணிலா கேசினோவைப் பற்றியும் சேர்த்துக் கேட்பார்கள். ரிசோர்ட்ஸ் வோர்ல்ட் மணிலா, கெந்திங் ஹாங்காங்கும் பிலிப்பீன்ஸ் குழுமம் ஒன்றும் சேர்ந்து நடத்தியது. 2022-இல் அதன் பெயர் நியூபோர்ட் வோர்ல்ட் ரிசோர்ட்ஸ் ஆகிவிட்டது. அதே ஆண்டு சிங்கப்பூரிலிருந்து கிளம்பிய ரிசோர்ட்ஸ் வோர்ல்ட் குரூசஸ், பட்டியலிடப்படாத வேறு நிறுவனம். பெயரைப் பார்த்து உரிமையைத் தீர்மானிக்க முடியாது என்பதற்கு இந்த இரண்டே போதும்.

நியூயார்க்ல ரெண்டு கேசினோ இருக்காமே, ரெண்டும் கெந்திங் மலேசியாவோடதுதானா?

இன்று ஆமாம். ஆனால் இரண்டும் வந்து சேர்ந்த வழி வேறு. குவீன்ஸ் பகுதியில் அக்வடக்ட் குதிரைப் பந்தயத் திடலில் 2011-இல் திறந்தது தொடக்கத்திலிருந்தே கெந்திங் மலேசியாவின் முதலீடு. நிலம் மாநில அரசுடையது, இவர்களுடையது குத்தகை. பல ஆண்டுகள் இயந்திர விளையாட்டு மட்டும்தான், 2025 டிசம்பரில்தான் முழு கேசினோ உரிமம் கிடைத்தது.

மற்றது கேட்ஸ்கில்ஸ் மலைப்பகுதியில், நகரத்திலிருந்து இரண்டு மணி நேரப் பயணம். அதன் உரிமையாளர் எம்பயர் ரிசோர்ட்ஸ் என்ற அமெரிக்க நிறுவனம். அதில் 2009 முதல் பணம் போட்டு வந்தது கியன் ஹுவாட், அதாவது குடும்பத்தின் தனிப் பை. கேசினோ 2018-இல் திறந்தது, திறந்ததிலிருந்து கடும் நட்டம். 2019 ஆகஸ்டில் கெந்திங் மலேசியா ஓர் அறிவிப்பு செய்தது: கியன் ஹுவாட்டிடமிருந்து எம்பயர் பங்கில் ஒரு பகுதியைச் சுமார் 129 மில்லியன் டாலருக்கு வாங்குகிறோம், பிறகு இருவரும் சேர்ந்து மீதிப் பங்குதாரர்களையும் வாங்கி நிறுவனத்தைச் சந்தையிலிருந்து எடுக்கிறோம், முடிவில் எங்களுக்கு 49, கியன் ஹுவாட்டுக்கு 51. கெந்திங் மலேசியாவின் பங்கு விலை உடனே விழுந்தது.

ஏன் விழுந்தது? 20 சென் கணக்கை எடுங்கள். கெந்திங் மலேசியாவிலிருந்து வெளியே போன ஒவ்வொரு டாலரிலும் குடும்பத்தின் சொந்தப் பணம் 20 சென்ட். வாங்கிக்கொண்ட கியன் ஹுவாட்டில் முழு டாலரும் குடும்பத்துடையது. விலை நியாயமாக இருந்தால் யாருக்கும் பிரச்சினை இல்லை. விலை கொஞ்சம் கூடிவிட்டால் அந்தக் கூடுதலில் பெரும்பகுதியைக் கொடுப்பவர் வெளியார். நிறுவனத்தின் பக்கமும் ஒரு வாதம் இருந்தது: ஒரே மாநிலத்தில் இரண்டு கேசினோவைச் சேர்த்து நடத்தினால் செலவு குறையும், வாடிக்கையாளர் பட்டியலைப் பகிர்ந்துகொள்ளலாம், போட்டியாளர் உள்ளே வராமல் தடுக்கலாம். அதில் உண்மை இல்லாமல் இல்லை. ஆனால் அடுத்த சில ஆண்டுகளில் எம்பயரைத் தாங்கிப் பிடிக்க கெந்திங் மலேசியா முன்னுரிமைப் பங்குகள் வழியாக மேலும் மேலும் பணம் போட வேண்டியிருந்தது. கடைசியில் 2025-இல் மீதி 51 விழுக்காட்டையும் 41 மில்லியன் டாலருக்கு வாங்கிக்கொண்டது. 2019-இல் கொடுத்த விலையையும் இதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், அன்று பங்கை விற்றுவிட்டு ஓடியவர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இதுக்கெல்லாம் பங்குதாரர்கிட்ட ஓட்டுக் கேக்க வேண்டாமா? எனக்கு ஒரு கடிதம்கூட வரலையே.

பேரத்தின் அளவைப் பொறுத்தது. கோலாலம்பூர் பங்குச் சந்தையான புர்சா மலேசியாவின் விதிப்படி, பெரும் பங்குதாரர் போன்ற தொடர்புடைய தரப்போடு செய்யும் பேரம் நிறுவனத்தின் அளவில் 5 விழுக்காட்டைத் தொட்டால் பங்குதாரர் கூட்டம் வேண்டும், சுதந்திர ஆலோசகர் அறிக்கை வேண்டும், சம்பந்தப்பட்டவர் ஓட்டுப் போடக் கூடாது. அதற்குக் கீழே என்றால் அறிவிப்பு போதும். 2019 எம்பயர் பேரம் அந்தக் கோட்டுக்குக் கீழே இருந்தது, அதனால்தான் உங்களுக்குக் கடிதம் வரவில்லை.

கோட்டுக்கு மேலே போன பேரமும் உண்டு. இங்கிலாந்து கேசினோக்களை முதலில் வாங்கியது கெந்திங் மலேசியா இல்லை. 2006-இல் ஸ்டான்லி லெஷர் என்ற சங்கிலியை, இன்றைய கெந்திங் சிங்கப்பூர், சுமார் 640 மில்லியன் பவுண்டுக்கு வாங்கியது. பிறகு இங்கிலாந்தில் தொழில் மந்தமாகி, வரியும் ஏறியது. 2010-இல் அதே தொழிலை 340 மில்லியன் பவுண்டுக்கு கெந்திங் மலேசியாவிடம் விற்றது. அதற்குக் கூட்டம் நடந்தது, கெந்திங் பெர்ஹாட் ஒதுங்கி நிற்க மற்றவர்கள் ஓட்டுப் போட்டார்கள், நிறைவேறியது. சிங்கப்பூர்காரர்களுக்கு ஒரு சுமை இறங்கியது, மலேசியப் பங்குதாரர்களின் தோளில் அது ஏறியது.

சிங்கப்பூர்ல அவ்வளவு ரொக்கம் வச்சிருக்காங்களே, அதை எடுத்து நியூயார்க்ல போடலாமே?

போட முடியாது. செந்தோசாவின் பணத்தில் கிட்டத்தட்ட பாதிக்கு உரிமை வெளியாருக்கு. அதை மேலே கொண்டுவர நேரான வழி லாப ஈவு. நூறு வெள்ளி லாப ஈவு கொடுத்தால் பெர்ஹாட்டுக்கு வருவது 53 வெள்ளி, 47 வெளியே போய்விடும். ஒரே குழுமம், ஆனால் பெட்டிகள் பூட்டியவை.

இன்னொன்று, சிங்கப்பூரில் கேசினோ உரிமையாளர் மாறுவதை அதிகாரிகள் சும்மா விடமாட்டார்கள். பெரும் பங்குதாரர் யார் என்பதற்கே அனுமதி வேண்டும். நாட்டில் இரண்டே கேசினோதான், வேறு போட்டி இல்லை, ஆனால் அதற்கு விலை உண்டு: சுற்றுலாவை வளர்த்துக் காட்ட வேண்டும். 2021 முதல் 2023 வரை அந்த வேலை திருப்தியாக இல்லை என்று மதிப்பீட்டுக் குழு சொன்னதால், வழக்கமான மூன்று ஆண்டுக்குப் பதில் 2025 பிப்ரவரியிலிருந்து இரண்டே ஆண்டுக்குத்தான் உரிமம் நீட்டித்தார்கள்.

லாஸ் வேகாஸ் ரிசோர்ட்?

முழுக்க கெந்திங் பெர்ஹாட்டுடையது. 2013-இல் பாதியில் நின்றுபோன ஒரு கட்டுமானத்தோடு நிலத்தை 350 மில்லியன் டாலருக்கு வாங்கி, 4.3 பில்லியன் டாலர் செலவில் 2021 ஜூனில் திறந்தார்கள். கள்ளப்பணத் தடுப்பு விதிகளைச் சரியாகப் பின்பற்றவில்லை என்று 2025 மார்ச்சில் லாஸ் வேகாஸ் இருக்கும் நெவாடா மாநிலத்தின் சூதாட்ட ஆணையம் 10.5 மில்லியன் டாலர் அபராதம் விதித்தது. அந்தச் செய்தி வந்த அன்று கெந்திங் மலேசியா பங்கை விற்கலாமா என்று கேட்டவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு: அது உங்கள் பெட்டி இல்லை.

அமெரிக்கப் பழங்குடியினர் கேசினோலயும் கெந்திங்குக்குப் பங்கு இருக்குன்னு சொல்றாங்களே?

பங்கு இருக்க முடியாது, சட்டமே விடாது. 1988-இல் வந்த அமெரிக்கச் சட்டப்படி பழங்குடி கேசினோவின் உரிமை பழங்குடிக்கு மட்டும்தான். வெளியார் கடன் கொடுக்கலாம், நிர்வாக ஒப்பந்தம் போடலாம். லிம் குடும்பம் இதை ரொம்ப முன்பே செய்தது. கனெக்டிகட்டில் 1992-இல் திறந்த ஃபாக்ஸ்வுட்ஸ் கேசினோவுக்கு உள்ளூர் வங்கிகள் கைவிரித்தபோது பணம் கொடுத்தது இவர்கள்தான். அது பெரும் வெற்றி.

பின்னால் மாசசூசெட்ஸில் மாஷ்பீ வம்பனோக் பழங்குடியின் கேசினோவுக்கு கெந்திங் மலேசியா கடன்பத்திரமாகப் பணம் போட்டது. பழங்குடியின் நில உரிமை வழக்கில் சிக்கி வேலை நின்றது. கடன் என்பதால் கையில் நிலமும் இல்லை, கட்டடமும் இல்லை. 2018-இல் சுமார் 1.8 பில்லியன் ரிங்கிட் நட்டமாக எழுத வேண்டியதாயிற்று. ஃபாக்ஸ்வுட்ஸில் போட்டது குடும்பத்தின் பணம், மாஷ்பீயில் போட்டது பட்டியலிட்ட நிறுவனத்தின் பணம் என்பதையும் கவனியுங்கள்.

2025-ல 2.35 ரிங்கிட்டுக்குக் கேட்டாங்களே, எதுக்கு? நான் குடுக்கல, இப்ப என் நிலைமை என்ன?

2025 அக்டோபரில் கெந்திங் பெர்ஹாட், தன்னிடம் இல்லாத கெந்திங் மலேசியா பங்குகள் அனைத்தையும் ஒன்றுக்கு 2.35 ரிங்கிட் வீதம் வாங்கிக்கொள்வதாக அறிவித்தது. முழுதும் வாங்கினால் 6.7 பில்லியன் ரிங்கிட் வரும். நியூயார்க் முழு உரிமம் கிடைக்கலாம் என்ற நேரம் அது, அங்கே 5.5 பில்லியன் டாலர் திட்டம் போட்டிருந்தார்கள். அதன் பலனில் பாதிக்கு மேல் வெளியாருக்குப் போவதைவிடத் தன்னிடம் வைத்துக்கொள்ளவே பெர்ஹாட் பார்த்தது. சந்தையில் கொஞ்சம் கொஞ்சமாக வாங்கிச் சேர்ப்பதற்கும் விதி இடம் கொடுக்காது, 33-க்கும் 50-க்கும் நடுவே இருப்பவர் ஆறு மாதத்தில் 2 விழுக்காட்டுக்கு மேல் வாங்கினால் எல்லாருக்கும் விலை சொல்லியே ஆக வேண்டும்.

பெர்ஹாட்டின் பங்கு பாதியைத் தாண்டி 70 விழுக்காட்டுக்கும் மேலே போனது, ஆனால் சந்தையிலிருந்து எடுக்கத் தேவையான 75-ஐ எட்டவில்லை. அதனால் கெந்திங் மலேசியா தொடர்ந்து சந்தையில் இருக்கிறது, உங்கள் பங்கும் உங்களிடமே இருக்கிறது. மாறியது மூன்று. சந்தையில் கைமாறும் பங்கு குறைந்துவிட்டது. சாதாரணத் தீர்மானங்களை இனி பெர்ஹாட் தனியாகவே நிறைவேற்றலாம். 20 சென்னாக இருந்த குடும்பத்தின் லாபப் பங்கு 30-ஐ நெருங்கியிருக்கிறது. மூன்றாவது உங்களுக்கு ஒருவிதத்தில் நல்லது, கட்டுப்பாட்டுக்கும் பணத்துக்கும் நடுவே இருந்த இடைவெளி கொஞ்சம் சுருங்கியிருக்கிறது. தொடர்புடைய தரப்பு பேரம் 5 விழுக்காட்டைத் தாண்டி ஓட்டுக்கு வந்தால், பெர்ஹாட் ஒதுங்கி நிற்க, மிச்சமிருக்கும் உங்களைப் போன்றவர்கள்தான் முடிவு செய்வீர்கள். வீட்டுக்கு வரும் அந்த உறையைப் பிரிக்காமல் பழைய பேப்பரோடு போடாதீர்கள்.

சரி, இதையெல்லாம் நானே பாக்கணும்னா எங்க பாக்கறது?

ஆண்டறிக்கை போதும், நிறுவன இணையதளத்திலும் புர்சாவிலும் இலவசம். முன்பக்கப் படங்களையும் தலைவர் உரையையும் தாண்டிக் கடைசிப் பக்கங்களுக்குப் போங்கள். முப்பது பெரிய பங்குதாரர் பட்டியல், கணிசமான பங்குதாரர் பட்டியல் என்று இரண்டு இருக்கும். முதலாவதில் வங்கிகளின் பெயரில் இருக்கும் கணக்குகள் குழப்பும், இரண்டாவதில்தான் உண்மையான கை தெரியும், கியன் ஹுவாட்டும் பார்க்வியூவும் அங்கேதான். அடுத்து, கணக்குக் குறிப்புகளில் "தொடர்புடைய தரப்புகளுடன் பரிவர்த்தனை" என்ற பகுதி. மேலாண்மைக் கட்டணம், பெயர் உரிமக் கட்டணம், எம்பயருக்குப் போன பணம் எல்லாம் வரிவரியாக இருக்கும். முந்தைய ஆண்டு எண்ணும் பக்கத்திலேயே இருக்கும்.

தாய் நிறுவனத்தின் அறிக்கையையும் கெந்திங் மலேசியாவின் அறிக்கையையும் சேர்த்துத் திறந்து வைத்துக்கொண்டு படித்தால் இன்னும் நல்லது. ஒன்றில் செலவாக இருக்கும் கட்டணம் மற்றதில் யாருக்கு வரவு என்று தேடிப் பாருங்கள். முதல் தடவை தலை சுற்றும், ஒரு மாலைப்பொழுது ஆகும். அடுத்த ஆண்டிலிருந்து எந்தப் பக்கத்தைத் திறக்க வேண்டும் என்று கைக்கே தெரிந்துவிடும்.